தீ மிதிக்க முன் அனுமதி

என் மனைவி மங்களேஸ்வரி என் பாதங்களை அம்மனுக்கு நேர்ந்துவிட்ட விஷயம் எனக்கு ஒரு வருஷத்துக்கு மேல் கழித்துத்தான் தெரியவந்தது. நேர்வதற்கு முன் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். பாதங்களுக்குச் சொந்தக்காரன் என்ற முறையில் எனக்கும் ஓர் அபிப்பிராயம் இருந்திருக்கும்.

நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். பெயர் தெய்வசிகாமணி. கடலகம் குடியரசின் பாதுகாப்புத் துறையில் இணைச் செயலர். பதவியைக் கேட்டுவிட்டு முறுக்கு மீசை வைத்த ஆளை யாரும் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். ரத்தப் பரிசோதனைக்கு ஊசியை உறையிலிருந்து எடுத்தாலே மயங்கி விழுகிறவன் நான். துப்பாக்கியை வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை தொட்டிருக்கிறேன், அதுவும் ஆயுத பூஜைக்குச் சந்தனம் வைக்க.

எங்களுக்கும் நீலியாற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கும் மேடகத்துக்கும் நாற்பத்தோரு வருஷச் சண்டை. ஆற்றுத் தண்ணீரில் ஆரம்பித்து, பாலத்தில் வளர்ந்து, பாலத்துக்கு யார் பெயரை வைப்பது என்பதில் குண்டு போடும் அளவுக்கு முற்றியது. இரண்டு பக்கமும் பேசுவது தமிழ்தான். அதுவே எங்களுக்குப் பெரிய கஷ்டம், திட்டினால் உடனே புரிந்துவிடுகிறது. நடுவில் ஒரு மொழிபெயர்ப்பாளர் இருந்திருந்தால் பாதிச் சண்டையை அவரே விழுங்கியிருப்பார்.

போன வருஷம் சமாதானம் வந்தது. யாருக்கும் திடீரென்று பெரிய மனது வந்துவிடவில்லை. கடுகளவு மின்னணுச் சில்லு ஒன்றுதான் காரணம். தீவு நாட்டிலிருந்து வந்த நடுநிலை ஆணையத்தின் டாக்டர் எஸ்தர் அதை என் வலது காதுக்குப் பின்னால் பொருத்தினார். நான் மயங்கித் தெளிந்ததும் விளக்கமும் சொன்னார்.

"குண்டு போடுற உத்தரவுல கையெழுத்துப் போடற அதிகாரம் ரெண்டு நாட்டுலயும் நாப்பது நாப்பது பேருக்கு இருக்கு சார். நீங்க அதுல ஒருத்தர்."

"பதினேழாவது," என்றேன். கொஞ்சம் பெருமையாகத்தான் சொன்னேன்.

"எதிர்க்கரையில எல்லையோரமாக் குடியிருக்கற ஒருத்தரை உங்களுக்கு ஜோடி சேர்த்திருக்கோம். எதிர் இணையர்னு பேர். அவங்களுக்கு உடம்புல எங்க வலிச்சாலும் உங்களுக்கு அதே இடத்துல வலிக்கும். உங்களுக்கு வலிச்சா அவங்களுக்கும்."

"வலி என்னுதா அவங்களுதான்னு எப்படித் தெரியும்?"

"அவங்க வலின்னா முதல்ல காதுக்குப் பின்னாடி கிச்சுக்கிச்சு மூட்டினாப்பல இருக்கும்."

"ஒருத்தர் வேணும்னே தன்னைத்தானே கிள்ளிக்கிட்டா?"

டாக்டர் எஸ்தர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அது தாக்குதல் சார். வேணும்னே வலியை உண்டாக்கினா ஒப்பந்தம் முறிஞ்சதா அர்த்தம். மறுநாளே ரெண்டு படையும் பாலத்துக்குத் திரும்பிடும்."

பாலத்தில் நின்ற படையில்தான் என் ஒரே மகள் பூங்கோதை லெப்டினன்ட்டாக இருந்தாள். ஒப்பந்தம் கையெழுத்தான பிறகுதான் கை காலோடு வீடு திரும்பியிருந்தாள். திரும்பி வந்து பத்து நாள் தூங்கினாள், பதினோராம் நாள் எழுந்து தோசை கேட்டாள். அன்றைக்கு நானும் மங்களமும் சமையலறையில் நின்று அழுதோம்.

என் எதிர் இணையர் யார் என்று ஆணையம் சொல்லவில்லை. ஆனால் உடம்பு சொல்லிவிட்டது. தினமும் சாயங்காலம் நாலு மணி ஆனால் காதுக்குப் பின்னால் கிச்சுக்கிச்சு, உடனே இடது மணிக்கட்டில் சுரீர் சுரீர் என்று நாலைந்து இடம். கொதிக்கிற எண்ணெய் தெறித்தால் எப்படி இருக்குமோ அப்படி. யாரோ பஜ்ஜி போடுகிறார்கள் என்று ஒரு வாரத்தில் கண்டுபிடித்துவிட்டேன். அமைச்சர் முன்னிலையில் நடந்த உயர்மட்டக் கூட்டத்தில் நான் "ஸ்ஸ்" என்று கையை உதறியபோது, அவர் சொன்ன யோசனைக்கு எதிர்ப்புத் தெரிவிக்கிறேன் என்று நினைத்துவிட்டார். அந்த யோசனையே கைவிடப்பட்டது. முப்பது வருஷ உத்தியோகத்தில் நான் துணிந்து எதிர்த்த ஒரே யோசனை அதுதான்.

பிறகு கடைவாய்ப்பல் வந்தது. மூன்று வாரம் இரவும் பகலும் வலி. பல் டாக்டர் என் வாயைப் பார்த்துவிட்டு, "பல்லு கல்லு மாதிரி இருக்கே சார்" என்றார். கல் மாதிரிதான் இருந்தது, வலித்தது ஆற்றுக்கு அந்தப் பக்கத்துப் பல்.

மற்ற முப்பத்தொன்பது பேருக்கும் இதே கதிதான். நிதிச் செயலருக்கு யாருடைய பித்தவெடிப்போ வந்து செருப்பு போட முடியவில்லை. எங்கள் தளபதியின் எதிர் இணையர் ஒரு கர்ப்பிணி. ஆறடி இரண்டங்குல மனிதர், அமைச்சரவை அறைச் சோபாவில் பதினோரு மணி நேரம் புரண்டார். அம்மா என்றார், ஐயோ என்றார், இனி ஜென்மத்துக்கும் சண்டை வேண்டாம் என்றார். பெண் குழந்தை பிறந்தது. மறுநாள் அலுவலகத்தில் எல்லோருக்கும் சர்க்கரைப் பொங்கல் கொடுத்தார்.

அந்த வாரமே எதிரி நாட்டு எல்லையில் பிரசவ ஆஸ்பத்திரி கட்ட எங்கள் பாதுகாப்புத் துறையிலிருந்து கோப்பு கிளம்பியது. நான் என் பங்குக்கு நடமாடும் பல் மருத்துவ பஸ் ஒன்றை அனுப்ப ஏற்பாடு செய்தேன். "பிராந்தியப் பாதுகாப்பை வலுப்படுத்தும் நோக்கில்" என்று முதல் வரி எழுதினேன். என் பல்லை வலுப்படுத்தும் நோக்கம்தான், வேறென்ன. அந்தப் பக்கமும் சும்மா இல்லை. மேடகத்து உள்துறைச் செயலருக்கு எங்கள் மீனவர் ஒருவரின் முதுகுவலி போலும், மறுமாதமே எங்கள் கரையில் வலை இழுக்கும் இயந்திரங்கள் வந்து இறங்கின. எங்களில் ஒருவருக்கும் நல்லெண்ணம் என்று ஒன்று கிடையாது. ஆனாலும் ஒரு வருஷத்தில் நாற்பத்தோரு வருஷத்தில் நடக்காததெல்லாம் நடந்தது.

நானும் என் உடம்பைப் பொத்திப் பொத்திப் பார்த்துக்கொண்டேன். மேஜைக் காலில் இடித்துக்கொள்ளாமல் சுற்றி நடந்தேன். சூடாக காபி குடிப்பதை விட்டேன். ஒரு முறை கதவிடுக்கில் விரல் மாட்டியபோது எனக்கு வலித்ததைவிட, பாவம், அந்த பஜ்ஜிக்காரருக்கு வலித்திருக்குமே என்பதுதான் பதறியது. "மன்னிச்சுக்கங்க" என்று ஆற்றுப் பக்கம் பார்த்துச் சொன்னேன். பக்கத்தில் நின்ற மங்களம் என்னை ஒரு மாதிரிப் பார்த்தாள்.

இப்படி இருக்கும்போதுதான் பாத விவகாரம் வெளியே வந்தது.

"என்னங்க, பங்குனி பொறந்ததும் காப்புக் கட்டிக்கணும்," என்றாள் மங்களம், வெங்காயம் நறுக்கிக்கொண்டே.

"யாரு?"

"நீங்கதான். கோதை பாலத்துல இருந்தப்ப மூணு நாள் தகவலே இல்லாமப் போச்சே, அப்ப பாலத்துக் காளிகிட்ட வேண்டிக்கிட்டேன். சண்டை நின்னு எம்பொண்ணு முழுசா வந்து சேர்ந்தா எங்க வீட்டுக்காரர் பூக்குழி இறங்குவார்னு."

எனக்குக் கால் இரண்டும் அப்போதே சுட்டது. "உன் வேண்டுதல்னா நீதானே இறங்கணும்?"

"எனக்குச் சர்க்கரை இருக்கு. கால்ல புண்ணு வந்தா ஆறாது."

"என்னை ஒரு வார்த்தை கேட்டியா மங்களம்?"

அவள் கத்தியைக் கீழே வைத்தாள். "கோதையோட படையைப் பாலத்துக்கு அனுப்புற உத்தரவுல கையெழுத்துப் போட்டப்ப நீங்க என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா?"

ஒப்பந்தத்தை எடுத்து விளக்கினேன். நான் தெரிந்தே நெருப்பில் கால் வைத்தால் அது தாக்குதல், படை திரும்பப் பாலத்துக்குப் போகும், கோதையும் போவாள் என்றேன். வேண்டுதலை நிறுத்தினாலும் அம்மன் அவளைப் பாலத்துக்குத்தான் திருப்பி அனுப்புவாள் என்றாள் மங்களம். ஆக எந்த வழியில் போனாலும் என் மகள் அந்தப் பாலத்தில்தான் போய் நிற்பாள்.

"முறையா அனுமதி வாங்கிக்கங்களேன். ஊருக்கெல்லாம் அனுமதி குடுக்கறீங்க," என்றாள்.

சொன்னால் வெட்கம், அந்த வார்த்தை கேட்டதும் எனக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. விண்ணப்பிப்போம், ஆணையம் மறுத்துவிடும், மறுத்த கடிதத்தை அம்மன் காலடியிலேயே வைத்துவிடலாம். அரசாங்கம் மறுத்ததை அம்மனும் ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்பது என் கணக்கு.

விண்ணப்பத்தை என் பிரிவு அலுவலர் சண்முகவடிவிடம் தயாரிக்கச் சொன்னேன். செவ்வாய் வெள்ளி விரதம் தவறாத அம்மாள். மூன்றே நாளில் பதில் வந்தது. அனுமதிக்கப்பட்டது. அதோடு வாழ்த்துகள் வேறு.

விண்ணப்ப நகலை வாங்கிப் பார்த்தேன். "உத்தேசிக்கும் செயல்" என்ற இடத்தில் "நாற்பது அடி நீளத்துக்குப் பூ மிதித்தல்" என்று முத்து முத்தாக எழுதியிருந்தது.

"என்னம்மா இது? நெருப்புன்னு எழுதலையா?"

"அம்மன் காரியத்தைப் போய் நெருப்புன்னு எழுதுவாங்களா சார்? நாக்கு அழுகிடும். பூதான் சார் அது," என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார் சண்முகவடிவு.

டாக்டர் எஸ்தரிடம் ஓடினேன். "கணினிதான் சார் முதல்ல பாக்கும். அதுக்குப் பூன்னா பூதான். மல்லிகையோ சாமந்தியோ, மிதிச்சா வலிக்காதுன்னு அனுமதி குடுத்துடுச்சு," என்றவர், நான் விஷயத்தைச் சொன்னதும் எழுந்தே நின்றுவிட்டார். "நெருப்பா? வெறுங்காலோடயா? கடவுளே!"

"அப்ப ரத்துதானே டாக்டர்?" என் குரலில் இருந்த ஆசையை அவர் கவனித்தாரோ என்னவோ.

"நான் ரத்து பண்ண முடியாது. எதிர் இணையரே எழுத்துல சம்மதிச்சா தாக்குதல் ஆகாது. மறுத்தாத்தான் ரத்து. நேர்ல கேட்டுப் பாருங்க, ஏற்பாடு பண்றேன்."

சரி, நல்லதுதான். எந்தப் பைத்தியம் ஊரான் வேண்டுதலுக்காகத் தன் காலைப் பொசுக்கிக்கொள்ளச் சம்மதிக்கும்?

பாலத்தின் நடுவில் வெள்ளைக்கோடு போட்ட இடத்தில் ஒரு மேஜை, இரண்டு நாற்காலி. அந்தப் பக்கத்திலிருந்து கிட்டத்தட்ட ஐம்பது வயதில் ஓர் அம்மாள் கையில் பொட்டலத்தோடு வந்தார். இடது மணிக்கட்டில் பொட்டுப் பொட்டாகத் தழும்பு. ஒவ்வொன்றும் எனக்குத் தெரிந்த இடம்.

"நீங்கதானா அது? பெரிய அதிகாரின்னாங்க. ஆளைப் பாத்தா எங்கூரு தபால்காரர் மாதிரி இருக்கீக," என்று உட்கார்ந்தார். "எம்பேரு பேச்சியம்மா. சாப்பிடுங்க, வாழைக்கா பஜ்ஜி. உங்க பல் பஸ்ஸு வந்துச்சு. புண்ணியமாப் போச்சு."

நான் தொண்டையைச் செருமிக்கொண்டு நெருப்பைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தேன். மறுக்க வேண்டும் என்பதற்காகக் கொஞ்சம் கூட்டியே சொன்னேன். வேப்பங்கட்டை, புளியங்கட்டை, முழங்கால் ஆழத்துக்குத் தணல், பக்கத்தில் நின்றாலே புருவம் கருகும் என்றேன்.

"தெரியும் சார். எங்க பக்கமும் பூக்குழி உண்டு."

"ரொம்ப வலிக்கும்மா."

"வலிக்கட்டும். எங்க கையெழுத்து வைக்கணும்?"

"அவசரப்படாதீங்க. வீட்டுல கலந்து பேசிட்டுச் சொல்லுங்க. உங்க வீட்டுக்காரர் என்ன சொல்வாரோ."

"அவரு இல்ல. முந்தின ஐப்பசியில எங்க பஸ் ஸ்டாண்டுல குண்டு விழுந்துச்சே, அதுல போயிட்டாரு. டீ ஆத்திக்கிட்டு நின்ன மனுசன். நான் மாவு வாங்கப் போயிருந்தேன்." அவர் குரல் மாறவில்லை. பொட்டலத்தை என் பக்கம் நகர்த்தினார். "ஆறிடும், சாப்பிடுங்க."

அந்த உத்தரவு எனக்கு ஞாபகம் இருந்தது. கோப்பில் பஸ் ஸ்டாண்டு என்ற வார்த்தையே கிடையாது. "வாகனக் குவிப்பு மையம்" என்று இருந்தது. நெருப்புக்குப் பூ என்று பெயர் வைப்பதில் எங்கள் துறையும் சண்முகவடிவுக்கு இளைத்தது அல்ல. அன்றைக்கு என் முன் இருந்த பதினாலு கோப்புகளில் அது ஒன்பதாவது. பத்தாவது கோப்புக்குப் போகும் முன் டீ சாப்பிட்டேன்.

தைரியமுள்ள ஒருவன் அந்த இடத்தில் ஏதாவது சொல்லியிருப்பான். பஜ்ஜி நன்றாக இருக்கிறது என்று மட்டும் சொன்னேன் நான்.

பேச்சியம்மா சம்மதப் பத்திரத்தில் நிதானமாகக் கையெழுத்துப் போட்டார். "எந்த நாளு? எத்தனை மணிக்கு?" என்று கேட்டுக்கொண்டார். "நானும் வந்து நிப்பேன். ஆணையத்துல கேட்டு அனுமதி வாங்கிருங்க."

காப்புக் கட்டிப் பத்து நாள் விரதம் இருந்தேன். மஞ்சள் வேட்டியில் அலுவலகம் போனேன். நிதிச் செயலர் என் காலில் விழுந்து திருநீறு கேட்டார். அந்தப் பத்து நாளில் நான் எத்தனை முறை கோதையின் அறை வாசலில் போய் நின்றேன் என்று எனக்கே தெரியாது. அவள் காதில் பாட்டை மாட்டிக்கொண்டு கால் நகத்துக்குச் சாயம் பூசிக்கொண்டிருப்பாள். அந்தக் கால் திரும்ப அந்தப் பாலத்துக்குப் போகக் கூடாது, அவ்வளவுதான் எனக்கு. அதற்காக என் கால் வேகலாம் என்று நினைத்துக்கொள்வேன். தணல் எவ்வளவு சூடு என்று ஞாபகம் வந்ததும் நினைப்பு கொஞ்சம் தளரும்.

பங்குனித் திருவிழா அன்று சாயங்காலம் பாலத்துக் காளி கோயில் முன்னால் கூட்டம் தாங்கவில்லை. ஈரவேட்டியோடு வரிசையில் நின்றேன். எனக்கு முன்னால் இருந்தவர்கள் கோயில் வீதியில் உலாத்துவது போல் நடந்து போனார்கள். கோதை பக்கத்தில் வந்து என் தோளைப் பிடித்தாள்.

"அப்பா, ஓடாதீங்க. ஓடறவங்கதான் விழறாங்க. நேராப் பாத்து நடங்க."

"உங்க படையில இதெல்லாம் சொல்லிக் குடுக்கறாங்களா?"

"குண்டு விழுறப்ப இதேதான் சொல்வாங்கப்பா," என்றாள். அவள் அதை விளையாட்டாகச் சொல்லவில்லை.

இறங்கினேன். முதல் மூன்று அடிக்கு ஒன்றுமே தெரியவில்லை, பரவாயில்லையே என்று நினைத்தேன். நாலாவது அடியில் தெரிந்தது. நேராகப் பார்க்கச் சொன்னாள் அல்லவா, நான் பேச்சியம்மாவைத் தேடினேன். பாவம், துடித்துக்கொண்டிருப்பார், யாராவது பிடித்துக்கொண்டிருக்கிறார்களா என்று பார்த்தேன். டாக்டர் எஸ்தர் கூட்டத்தைத் தடுத்த கயிற்றை ஒட்டித் தண்ணீர் பாட்டிலோடு நின்றார். அவருக்குப் பின்னால் வளையல் கடை. அங்கே எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பேச்சியம்மா வளையல் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வளையலை எடுப்பதும் வைப்பதுமாக இருந்தார். அந்த நேரம் பார்த்து என் இடது குதிகாலில் ஒரு கங்கு ஒட்டிக்கொண்டது. "அம்மா!" என்று அலறினேன். கூட்டம் அதைப் பக்தி என்று எடுத்துக்கொண்டு "தாயே!" என்று கூவிக் குலவையிட்டது. வளையல் கடையில் ஓர் அசைவும் இல்லை.

தணலின் மறுமுனைக்கு வந்து பால் குழியில் காலை வைத்தபோது மங்களம் அழுதுகொண்டே என் நெற்றியில் மஞ்சள் பூசினாள். "முடிஞ்சுதுங்க. எல்லாம் முடிஞ்சுது," என்றாள். எனக்கு அவள் சொன்னது காதில் ஏறவில்லை.

ஆணையத்தின் கூடாரத்தில் என் காலுக்கு மருந்து போட்டார்கள். கோதையையும் மங்களத்தையும் பிரசாதம் வாங்க அனுப்பிவிட்டு, "டாக்டர், அந்தம்மாவுக்கு வலிக்கவே இல்ல," என்றேன்.

டாக்டர் எஸ்தர் எழுந்து கூடாரத்துச் சீலையை இழுத்து மூடினார். அப்போதுதான் கவனித்தேன், பேச்சியம்மா ஏற்கெனவே உள்ளேதான் ஒரு மூலையில் உட்கார்ந்திருந்தார். கையில் வளையல் எதுவும் இல்லை.

"வலிக்காது சார்," என்றார் டாக்டர். "கையெழுத்துப் போடற எம்பது பேருக்கும் வலி உள்ள வர்ற வழி மட்டும்தான் வச்சிருக்கோம். வெளிய போற வழி உங்கள்ல யாருக்குமே வைக்கல. உங்க வலி உங்களோட சரி."

"அப்ப ஒப்பந்தத்துல ரெண்டு பக்கமும்னு எழுதினது?"

"ஒரு வழிதான்னு சொல்லியிருந்தா உங்க அமைச்சருங்க ஒத்துக்கிட்டிருப்பாங்களா? 'எனக்கு வலிச்சா அவனுக்கும் வலிக்கும்'னு சொன்னதுக்கு அப்புறம்தான் சார் ரெண்டு நாட்டுலயும் பேனாவையே தொட்டாங்க."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். ஒரு வருஷம் ஆறின காபி குடித்தவன் நான். மேஜைக்கெல்லாம் வழிவிட்டு நடந்தவன். ஆற்றைப் பார்த்து மன்னிப்புக் கேட்டவன். கோபத்துக்குப் பதிலாகச் சிரிப்புதான் வந்தது, சிரித்ததில் குதிகால் வலித்தது.

"உங்களுக்கு இது தெரியுமா?" என்று பேச்சியம்மாவைக் கேட்டேன்.

"மொத மாசமே தெரிஞ்சு போச்சு. ஒரு மாசமா ஒரு வலியும் வரல. அம்புட்டுப் பெரிய அதிகாரிக்கு ஒரு தலைவலிகூடவா வராது?"

"தெரிஞ்சுமா சம்மதிச்சீங்க? இவ்வளவு தூரம் வந்து நின்னீங்க?"

அவர் முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டே சொன்னார். "கையெழுத்துப் போட்டவன் ஒருத்தனாவது நெருப்புல நடக்கறத எங்கண்ணால பாக்கணும்னுதான் சார் வந்தேன். ஒரு வருசமா அந்தத் தாயை வேற என்ன கேட்டேன்? நீங்க இறங்குனீக. மூணடிதான் பாத்தேன். அப்புறம் என்னால முடியல. திரும்பிக்கிட்டேன்."

வெளியே மேளம் நின்றிருந்தது. இதற்கு மேலும் சொல்லாமல் இருந்தால் நான் மனுஷனே இல்லை என்று தோன்றியது. "அம்மா, அந்த பஸ் ஸ்டாண்டு உத்தரவு நான் போட்டது. என் கையெழுத்து. சரியாப் படிக்கக்கூட இல்ல. என்னை மன்னிச்சிருங்கன்னு கேக்கக்கூட எனக்கு யோக்கியதை கிடையாது."

"நீங்களா இருக்கும்னு பாலத்துலயே நெனச்சேன். வாயில பஜ்ஜியை வச்சுக்கிட்டு முழுங்க முடியாம முழிச்சீக." அவர் மன்னித்தேன் என்று சொல்லவில்லை. நானும் திரும்பக் கேட்கவில்லை.

டாக்டர் எஸ்தர் ஒரு காகிதத்தை என் முன்னால் வைத்தார். நெருப்பு மிதித்த பிறகு தர வேண்டிய அறிக்கை. எல்லாம் அச்சடித்தே இருந்தது, ஒரே ஒரு கேள்விக்குத்தான் பதில் எழுத வேண்டும். "எதிர் இணையருக்கு வலி ஏற்பட்டதா? ஆம் அல்லது இல்லை." கீழே இருவர் கையெழுத்து.

"இல்லைன்னு எழுதினா என்னாகும் டாக்டர்?"

"சில்லு ஏன் வேலை செய்யலன்னு ரெண்டு அரசாங்கமும் ஆளுக்கு ஒரு குழு போடும். ஒரே நாள்ல கண்டுபிடிச்சிடுவாங்க. அப்புறம் ரெண்டு பக்கமும் ஏமாந்த கோபத்துல என்ன பண்ணுவாங்கன்னு உங்களுக்கே தெரியும் சார். உங்க துறைதானே."

தெரியும். முதல் உத்தரவு பாலத்துப் படைக்குத்தான் போகும். அதில் ஒரு பெயர் பூங்கோதை என்று இருக்கும். கூடாரத்துக்கு வெளியே அவள் அம்மாவிடம் புளியோதரை போதாது என்று சண்டை போடும் குரல் கேட்டது.

ஆனாலும் பேனா நகரவில்லை. என் கோப்புகளில் ஆயிரம் பொய்க்குக் கீழே கையெழுத்துப் போட்டிருக்கிறேன், அதெல்லாம் வேறு யாரோ எழுதிக் கொடுத்த பொய். இந்த அம்மாளை எதிரில் உட்கார வைத்துக்கொண்டு அவர் பெயரிலேயே ஒரு பொய்யை என் கையால் எழுத எனக்கு வரவில்லை.

"என்ன சார் யோசனை? ஆமாம்னு போடுங்க," என்றார் பேச்சியம்மா.

"எப்படிம்மா? பொய் இல்லையா அது?"

அவர் காகிதத்தைத் தன் பக்கம் திருப்பி, ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டி அந்தக் கேள்வியைப் படித்தார்.

"எனக்கு வலிச்சுதான்னுதானே சார் கேட்டிருக்கு? எப்பன்னு கேக்கலையே."

நான் "ஆம்" என்று எழுதினேன். பேனாவை அவரிடம் கொடுத்தேன்.